தாலி கேட்ட தட்டு

என் வயதுக்காரர்கள் கூடினால் யுத்தப் பேச்சு வராமல் இருக்காது. ரேஷன் அரிசி, மண்ணெண்ணெய்க்கு நின்ற வரிசை, ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்று சாக்குத் துணியால் மூடிய விளக்கு. உங்களில் பெரும்பாலோருக்கு அதுதான் முதல் யுத்தம். எனக்கு அது இரண்டாவது. முதல் யுத்தம் அதற்குச் சில வருடங்கள் முன்பே எங்கள் கடற்கரைக்கு வந்துவிட்டது. எங்கள் ஊர்க்காரர் யாரும் அதில் சுடவில்லை, சாகவுமில்லை. நடந்த இடம் அபிசீனியா. நடத்தியது இத்தாலி. எங்கள் ஊரில் அது வந்து இறங்கிய இடம் மடத்து லேஸ் கூடம். பிற்காலத்தில் பத்திரிகை அலுவலகத்தில் செய்தி திருத்தும் வேலை பார்த்தபோது அந்த யுத்தத்தைப் பற்றி எத்தனையோ பத்திகள் என் கையைத் தாண்டிப் போயின. ஒன்றிலும் லேஸ் கூடம் இல்லை. ஆகவே எனக்குத் தெரிந்ததை எழுதி வைக்கிறேன்.

ஊர் மண்டைக்காட்டுக்கு நடந்து போகிற தூரம். கத்தோலிக்கக் கடற்கரை. ஆண்கள் கட்டுமரத்தில் கடலுக்குப் போவார்கள். பெண்களில் சிலர் மீன் விற்றார்கள், சிலர் மடத்தில் லேஸ் பின்னினார்கள். என் அம்மா இரண்டாவது வகை. கடல் அடிக்கிற ஆனி, ஆடி மாதங்களில் மரங்கள் கரையில் கிடக்கும். அப்போது எங்கள் வீட்டில் அடுப்பு எரிந்தது அம்மாவின் லேஸ் கூலியில்தான்.

மடத்தை நடத்தியவர்கள் இத்தாலியக் கன்னியாஸ்திரீகள். தலைமையில் இருந்தவரை எல்லோரும் மதர் என்றோம். உயரமானவர். வாந்திபேதி வந்த வருடம் வீடு வீடாகப் போய்த் தன் கையால் கஞ்சி ஊற்றியவர். இதை முதலிலேயே சொல்லிவிடுவது நியாயம். இன்னொருவர் லேஸ் சொல்லிக்கொடுத்த சிஸ்டர். இளையவர். தமிழை எங்கள் ஊர்ப் பெண்களிடமே கற்றுக்கொண்டதால் எங்களைப் போலவே பேசுவார். வெள்ளை முகத்திலிருந்து எங்கள் கடற்கரைப் பேச்சு வருவதைக் கேட்க வெளியூர்க்காரர்கள் நின்று பார்ப்பார்கள்.

பள்ளி விட்டதும் நான் கூடத்துக்குப் போய் அம்மாவின் பக்கத்தில் உட்காருவேன். ஒவ்வொருத்தி மடியிலும் வைக்கோல் அடைத்த ஒரு திண்டு. அதில் குண்டூசிகள். நூல் சுற்றிய சிறு மரக்குச்சிகள் அதிலிருந்து தொங்கும். பத்து விரலும் அவற்றை மாற்றி மாற்றிப் போடும்போது ஓலைக்கூரையில் தூறல் விழுகிற சத்தம் கேட்கும். கூடத்தில் பேசக் கூடாது, ஜெபமாலை சொல்லலாம். ஆகவே பெண்கள் ஜெபமாலையின் ராகத்திலேயே பக்கத்து வீட்டுச் சண்டையையும் சொல்லி முடித்துவிடுவார்கள். இதில் கெட்டிக்காரி என் அப்பாவின் அக்காள். எனக்கு மாமி, அம்மாவுக்கு மைனி.

கூடத்துச் சுவரில் பாப்பரசர் படம் இருந்தது. அதற்குப் பக்கத்தில் ஒரு நாள் புதிதாக ஒரு படம் வந்தது. முடியில்லாத தலை, முன்னே தள்ளிய தாடை, இடுப்பில் கை.

"இது எந்தப் புனிதரு மக்கா?" என்றாள் மாமி. "சோறு கேட்டுக் கிட்டாத மாதிரில்லா நிக்காரு."

"மெதுவாச் சொல்லும் மைனி. புதுமை செய்யக்கூடிய ஆளா இருந்தா?"

யாரோ மல்லிகைச் சரம் வாங்கி அந்தப் படத்துக்குப் போட்டார்கள். அது இத்தாலி நாட்டின் தலைவர் படம், புனிதர் படம் அல்ல என்று லேஸ் சிஸ்டர் பிறகு சொன்னார். மதர் அந்தப் பூவை எடுக்கச் சொல்லவில்லை. வாடும்வரை அது அங்கேயே கிடந்தது.

மார்கழி மாதம். ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியாகக் கிழக்கிலிருந்து வருகிற காற்றில் விரல்கள் விறைத்து நூல் அடிக்கடி அறுந்துகொண்டிருந்தது. ஒரு நாள் காலை மதர் கூடத்துக்கு நடுவில் வந்து நின்று, இடது கையைத் தூக்கிக் காட்டினார். மோதிர விரலில் மோதிரம் இல்லை. அது இருந்த இடம் மட்டும் வெளுத்துத் தெரிந்தது. அவர் தன் மொழியில் பேசப் பேச, லேஸ் சிஸ்டர் தமிழில் சொன்னார்.

"எங்க நாட்டுல எல்லாப் பொம்பளையளும் கலியாண மோதிரத்தக் கழத்திக் குடுத்துட்டாவ. ராணியும் குடுத்தாவ, வயல்ல வேல பாக்கவளும் குடுத்தா. பதிலுக்கு இரும்பு மோதிரம் கிட்டும். மதரும் அவங்க மோதிரத்த அனுப்பியாச்சு."

மாமி குச்சிகளைக் கீழே விட்டாள். "கலியாண மோதிரம்னா, நமக்குத் தாலி மாதிரியா சிஸ்டரே?"

"ஆமா."

"எல்லாரும் கழத்தினாவளா? ஒரே நாள்லயா?"

"ஒரே நாள்லதான்."

மாமி நெஞ்சில் கை வைத்தாள். "ஏ மாதாவே! அம்புட்டு ஆம்பளையளுமா செத்துப் போனானுவ!"

எங்கள் கடற்கரையில் தாலி கழுத்தை விட்டு இறங்க ஒரே ஒரு காரணம்தான் உண்டு. கயிறு இற்றுப்போனால்கூடப் புதுக் கயிற்றைக் கட்டிக்கொண்ட பிறகே பழையதை அறுப்பார்கள். புருஷன் கடலில் இருக்கும் நேரத்தில் அதையும் செய்ய மாட்டார்கள். ஒரு நாடு முழுக்கப் பெண்கள் தாலியைக் கழற்றினார்கள் என்றால் அதற்கு வேறு என்ன பொருள் இருக்க முடியும்? மதர் அழாமல் நிற்பதை அவர்கள் துறவியின் மனஉறுதி என்று எடுத்துக்கொண்டார்கள்.

மறுநாள் ஊர்ப் பெண்கள் துட்டி கேட்கப் போனார்கள். சாவு வீட்டுக்குப் போய் உடன் இருந்து அழுவதைத்தான் துட்டி கேட்பது என்போம். சாவு விழுந்த வீட்டில் அடுப்பு பற்றவைக்க மாட்டார்கள் என்பதால் பெரிய பானையில் கஞ்சியும் காணம் என்கிற கொள்ளுத் துவையலும் கொண்டுபோனார்கள். தலையில் முந்தானையை இழுத்துவிட்டு மடத்து முற்றத்தில் வட்டமாக உட்கார்ந்தார்கள். வெளியே வந்த மதரின் இரண்டு கைகளையும் மாமி பிடித்துக்கொண்டாள்.

"ஒங்க நாட்டு ராசாத்திக்குமா இந்தக் கதி வரணும், மதரே!"

கூட்டம் ஒன்றாகக் குரலெடுத்தது. மதர் திகைத்துப்போனார். கட்டுமரம் ஏதோ கவிழ்ந்துவிட்டது என்று நினைத்திருக்க வேண்டும். சிஸ்டர் ஓடிவந்தார். "செத்தது ஆரு? எந்த மரம்?"

"ஒங்க ஆளுவதான் சிஸ்டரே! மறைக்கப்பிடாது, அழுது தீத்திரணும்."

விஷயம் புரிந்ததும் மதர் முதலில் சிரித்தார். பிறகு முகம் இறுகியது. யாரும் சாகவில்லை, நாடு பெரிதாகப்போகிறது, அதற்காகப் பெண்கள் சந்தோஷமாகக் கொடுக்கிறார்கள் என்று சொல்லச் சொன்னார். சிஸ்டர் "சந்தோஷமாக் குடுக்காவ" என்று சொல்லிவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். தோள்கள் குலுங்கின. அவரும் சிரிக்கிறார் என்று பெண்கள் நினைத்து வெட்கத்தோடு எழுந்தார்கள். அம்மா மட்டும் பானையைத் தூக்காமல் அவரையே பார்த்துக்கொண்டு நின்றாள். கஞ்சி வீணாகவில்லை, பள்ளிப் பிள்ளைகள் குடித்தோம்.

மதர் அன்று எங்கள் பெண்களைத் தப்பாகக் கணக்கிட்டார் என்று இப்போது தோன்றுகிறது. இவ்வளவு இரக்கம் உள்ளவர்கள் கேட்டால் கொடுப்பார்கள் என்று அவர் நினைத்தார். அந்த வாரமே கூடத்தில் அறிவித்தார். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் தட்டு வைக்கப்படும். மணமான பெண்கள் தாலியைப் போடலாம். மந்திரித்த இரும்புச் சிலுவை ஒன்று பதிலுக்குக் கிடைக்கும், அதைக் கயிற்றில் கோத்துக்கொள்ளலாம். கூடவே இன்னொன்றும் சொன்னார். வெளிநாட்டில் லேஸ் வாங்குவது குறைந்துவிட்டது. இனிமேல் கூடத்தில் எல்லோருக்கும் இடம் இருக்காது. மடத்தோடு ஒரே மனதாக நிற்பவர்களை மடம் கைவிடாது.

கடைசி வாக்கியத்தை சிஸ்டர் மிகவும் மெதுவாகச் சொன்னார். ஆனாலும் எல்லோருக்கும் கேட்டது.

வீட்டில் அம்மா அப்பாவிடம் கேட்டாள். அப்பா வலைக்கண்ணி தைத்துக்கொண்டிருந்தார்.

"ஒனக்கு இஷ்டம்போலச் செய்யி. கழத்துத அண்ணு மட்டும் நான் மரத்துல ஏறமாட்டேன், கேட்டியா?"

"அப்பம் மறுநா?"

"மறுநாப் போவேன்."

"மறுநாளும் அது கழுத்துல கிடக்காதுல்லா?"

அப்பா ஊசியை நிறுத்தினார். "ஏட்டி, இரும்புச் சிலுவையும் சிலுவைதான?"

"அத நீரு கோவில்ல வச்சு எனக்குக் கட்டினீரா?"

அப்பா மறுபடி கண்ணி தைக்கத் தொடங்கினார். ஒரு வரிசை முடிந்ததும், "ஆடி மாசம் என்ன செய்வோம்?" என்று கேட்டார்.

மறுநாள் மாலை அம்மா என்னையும் கூட்டிக்கொண்டு மடத்துக் கிணற்றடிக்குப் போனாள். லேஸ் சிஸ்டர் துவைத்த லேஸை விரிப்பில் பரப்பி ஊசி குத்திக்கொண்டிருந்தார். அம்மா பக்கத்தில் குத்தவைத்து உட்கார்ந்து, ஊசிகளை எடுத்துக் கொடுக்க ஆரம்பித்தாள்.

"சிஸ்டரே, ஒங்க அம்மையும் மோதிரம் குடுத்தாவளா?"

"குடுத்தா."

"மனசோடயா?"

சிஸ்டர் தாழ்வாரத்துப் பக்கம் ஒருமுறை பார்த்தார். "கோவில் வாசல்ல கறுத்த சட்டை போட்ட பயலுவ நிப்பானுவ மக்களே. எல்லாம் எங்க ஊருப் பயலுவதான். எந்த வீட்டுக்காரி வந்தா, எவ வரல்லன்னு பாத்துட்டே நிப்பானுவ. எனக்க தம்பி கொத்தன். அந்தக் கூட்டத்துல சேந்தாத்தான் வேல கிட்டும்னானுவ. சேந்தான். இப்பம் அவனப் பட்டாளத்துல எடுத்து அபிசீனியாவுக்குக் கொண்டு போயாச்சு."

"அப்பா ஒண்ணும் சொல்லல்லியா?"

"சொன்னாரு. ஒருக்காச் சொன்னாரு, ரொம்ப நாளுக்கு முன்ன. சாராயக்கடையில வச்சுத் தலைவரப் பத்தி ஒரு தமாசு. மறுநா அந்தப் பயலுவ வந்து, அவர நாக்காலியில கட்டி, ஒரு போத்தல் விளக்கெண்ணெய வாயில ஊத்தினானுவ. பெறகு சந்த வழியா நடக்க விட்டானுவ."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எங்கள் ஊரில் விளக்கெண்ணெய் என்பது கோடை லீவு முடிகிற காலையில் மூக்கைப் பிடித்துப் பிள்ளைகளுக்கு ஊற்றுவது. வெள்ளைக்காரப் பெரியவர் ஒருவர் அதைக் குடித்துவிட்டு ஓடுவதை நான் மனக்கண்ணில் கண்டேன். அம்மா என்னை அடிக்கக் கையை ஓங்கினாள்.

"விடு மக்களே, பிள்ள சிரிக்கட்டு," என்றார் சிஸ்டர். "அண்ணு சந்தையில உள்ளவங்களும் சிரிச்சாவ. சிரிக்கல்லன்னா அடுத்த போத்தல் அவங்களுக்குல்லா."

நான் வாயை மூடிக்கொண்டேன்.

"அதுக்குப் பெறகு அப்பா வீட்டுக்குள்ளயும் சத்தமாப் பேசமாட்டாரு. கோழியக் கூப்பிடதும் மெதுவாத்தான்."

அம்மா அடுத்த ஊசியை எடுத்துக் கொடுத்தாள். பிறகு கேட்டாள்: "அந்த அபிசீனியாவுல உள்ளவங்க ஆரு?"

"கறுத்த ஆளுவ. நம்மள மாதிரி."

பால் போன்ற கையோடு அவர் "நம்மள மாதிரி" என்று சொன்னதை நான் கவனித்தேன். அவர் கவனிக்கவில்லை.

"வேதக்காரங்களா?"

"வேதக்காரங்கதான். அங்க வேதம் போயி எவ்வளவோ காலமாச்சு."

"சிலுவையக் கும்பிடுவாவளா?"

"கும்பிடுவாவ."

அம்மா எழுந்து சேலையில் ஒட்டியிருந்த புல்லைத் தட்டினாள். வீட்டுக்கு வரும் வழியில் அவள் வேகமாக நடந்தாள்; நான் பின்னால் ஓட வேண்டியிருந்தது.

ஞாயிற்றுக்கிழமை கூடத்தில் சிவப்புத் துணி விரித்த மேசை போட்டிருந்தது. அதன் மேல் பித்தளைத் தட்டு. பக்கத்தில் இரும்புச் சிலுவைகள் ஒரு கிண்ணத்தில். மதர் பெயர் சொல்லிக் கூப்பிட, ஒவ்வொருத்தியாகப் போனார்கள். முதலில் போனவள் அந்த வருடம்தான் கல்யாணமானவள். கண்ணை மூடிக்கொண்டு தாலியைக் கழற்றித் தட்டில் போட்டாள். பித்தளையில் அது விழுந்த சத்தம் கடைசி வரிசைவரை கேட்டது. சிலர் காதில் கிடந்ததைப் போட்டார்கள். மாமி ஒரு காதுப் பாம்படத்தை மட்டும் கழற்றிப் போட்டாள்.

மதர் அவள் கழுத்தைக் காட்டி ஏதோ கேட்டார்.

"தாலியக் குடுத்தா அவரு செத்துப்போவாரு மதரே," என்றாள் மாமி. "பெறகு நான் ஆரத் திட்ட?"

இரண்டொருவர் சிரித்தார்கள். சிஸ்டர் அதை மொழிபெயர்த்தாரா, வேறு ஏதாவது சொன்னாரா, தெரியாது. மதரும் மெல்லச் சிரித்தார். அடுத்து அம்மாவைக் கூப்பிட்டார்.

அம்மா தட்டுக்கு முன்னால் போய் நின்றாள். வலது கையால் தாலியைப் பொத்திப் பிடித்திருந்தாள். அப்பா விடியுமுன்னே மரம் தள்ளிப் போயிருந்தார். ஞாயிற்றுக்கிழமை கடலுக்குப் போவது வழக்கமில்லை, ஆனால் சனிக்கிழமை விட்ட வலையை எடுக்க வேண்டியிருந்தது.

"மதரே, இது எனக்குள்ளதில்ல. கடல்ல கிடக்க ஆளுக்குள்ளது. அவரு கரையேறாம இதுல கைவைக்க மாட்டேன். கரையேறினாலும் மாட்டேன்."

சிஸ்டர் சொல்ல ஆரம்பித்தார். அம்மா நிறுத்தவில்லை.

"வாந்திபேதியில நீங்க எங்களுக்குக் கஞ்சி ஊத்தினீங்க. மறக்கல்ல. ஒங்க நாட்டுப் பிள்ளைய அங்க செத்தா நாங்க அழுவோம். அங்க உள்ள கறுத்த பிள்ளைய செத்தாலும் அழுவோம், அதுவளும் சிலுவையக் கும்பிடுதுவளாம். அழதுக்குக் கூப்பிடுங்க, வாறோம். ஒருத்தன ஒருத்தன் வெட்டதுக்குத் தாலி தரமாட்டேன்."

சிஸ்டர் எல்லாவற்றையும் சொன்னார். எனக்கு அந்த மொழி தெரியாது. ஆனால் அம்மா பேசிய அளவுக்கே அவரும் பேசினார், எதையும் சுருக்கவில்லை. அபிசீனியா என்ற சொல் வந்தபோது மதர் சட்டென்று சிஸ்டரைத் திரும்பிப் பார்த்தார். அம்மா அந்தப் பெயரைச் சொல்லவே இல்லை. பிறகு மதர் ஒரு சிறு வாக்கியம் சொன்னார். சிஸ்டர் அதைத் தமிழில் சொல்லவில்லை. மதர் திரும்பவும் அதையே சொன்னார். சிஸ்டர் கைகளை அங்கிக்குள் வைத்துக்கொண்டு தரையைப் பார்த்து நின்றார். கடைசியில் மதரே அம்மாவின் திண்டைக் காட்டினார், வாசலைக் காட்டினார். அதற்கு மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை.

அம்மா தலையை ஆட்டிவிட்டு என் கையைப் பிடித்தாள். நாங்கள் வாசலை அடையுமுன் பின்னால் ஒரு குரல் கேட்டது. அந்த வருடம் கல்யாணமானவள்.

"மதரே, எனக்க தாலியத் தாரும்."

மதர் தட்டை அவள் முன்னால் நீட்டினார். அவள் எடுத்துக்கொண்டாள். இன்னும் இரண்டு பேர் எடுத்துக்கொண்டார்கள். மாமி பாம்படத்தைத் தட்டிலேயே விட்டுவிட்டாள். "போவட்டு, ஒரு காது சும்மா கிடக்கட்டு. மத்தது எங்கன்னு கேட்டு நாலுபேரு வருவாவ," என்றாளாம்.

அந்தத் தட்டில் மிச்சம் இருந்தது இத்தாலிக்குப் போய்ச் சேர்ந்ததா என்பது எனக்குத் தெரியாது. நாற்பது நாள் நோன்பு இருக்கிற தபசுக்காலத்துக்கு முன்பே லேஸ் சிஸ்டரை வேறு மடத்துக்கு அனுப்பிவிட்டார்கள். எந்த ஊர் என்று யாரும் சொல்லவில்லை. அவருடைய தம்பி திரும்பி வந்தானா என்பதும் தெரியாது.

அம்மா மீன் விற்கப் போனாள். ஓட்டமும் நடையுமாக உள்நாட்டுச் சந்தைகளுக்கு மீன்கூடை சுமப்பது பழகியவர்களுக்கே கடினம். அவள் கழுத்து வீங்கி, கால் வெடித்து, முதல் மாதம் இரவில் முனகிக்கொண்டே தூங்கினாள். "திரும்பப் போயி மதருட்ட கேட்டுப் பாரு," என்று அப்பா ஒரு தடவை சொன்னார். "மீன் விக்கதுன்னு முடிவாச்சு," என்றாள். அதற்குப் பிறகு அவர் கேட்கவில்லை.

ஈஸ்டர் என்கிற உயிர்ப்பு ஞாயிறு கழிந்து ஒருநாள் மதர் மடத்து வாசலில் அம்மாவை நிறுத்தி மீன் வாங்கினார். நானும் இருந்தேன். அவர் விரலில் இரும்பு மோதிரம் வந்திருந்தது. கடற்காற்றில் அது துருப்பிடித்து, விரலைச் சுற்றிப் பழுப்பாகக் கறை இறங்கியிருந்தது. அம்மா அதைப் பார்த்தாள்.

"இஞ்ச உப்புக்காத்துல்லா மதரே. கொஞ்சம் தேங்காயெண்ணெ பூசும்," என்றாள்.

மொழிபெயர்க்க யாரும் இல்லை. மதர் மீனை வாங்கிக்கொண்டு உள்ளே போனார்.

சித்திரை முடியப்போகிற நேரம். சந்தைக்குப் போகும் வழியில் ஒரு சாயாக்கடை. அங்கே ஒருவர் தினமும் உரக்கப் பத்திரிகை வாசிப்பார், மற்றவர்கள் கேட்பார்கள். அன்று நாங்கள் கடக்கும்போது, "இத்தாலிக்காரன் ஜெயிச்சாச்சு, அபிசீனியா ராசா நாட்ட விட்டுப் போயிட்டாரு," என்று சொல்லிக்கொண்டிருந்தார். அம்மா நின்றாள்.

"அண்ணாச்சி, மோதிரத்தத் திருப்பிக் குடுத்தாச்சா?"

"எந்த மோதிரம்?"

"அங்க உள்ள பொம்பளையளுக்க கலியாண மோதிரம். சண்டைக்குன்னுல்லா வாங்கினானுவ. சண்ட முடிஞ்சுல்லா?"

அவர் தாளைத் திருப்பிப் பார்த்தார். "அதப் பத்தி ஒண்ணும் போடல்ல."

"நல்லாப் பாத்தீரா?"

"பாத்தேன்."

"மேல இருந்து ஒருக்கா வாசியும். நான் நிக்கேன்."

கடையில் சிரித்தார்கள். "ஏ பிள்ள, மீன் நாறிப்போவும்," என்றார் ஒருவர்.

"நாறட்டு."

வாசிப்பவர் அம்மாவின் முகத்தைப் பார்த்துவிட்டுக் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டார். தலைப்பிலிருந்து தொடங்கினார். படை புகுந்தது, கொடி ஏறியது, மணிகள் அடித்தது, மைதானத்தில் ஜனங்கள் கூடியது. அம்மா கூடையை இறக்கவில்லை. மீன்தண்ணீர் அவள் தோளில் வழிந்து முழங்கையிலிருந்து சொட்டியது. செய்தி முடியும்வரை நின்று கேட்டாள்.

"இல்ல பிள்ள," என்றார் அவர், இந்தத் தடவை மெதுவாக. "இதுல இல்ல."

"சரி அண்ணாச்சி," என்றாள் அம்மா. "நாளைக்கும் இந்த வழியாத்தான் வருவேன். பாத்து வையும்."

சந்தையை நோக்கி நடந்தாள்.